அட்டை செய்த கை: ஒரு தொடக்கப் பள்ளி ஆசிரியையின் 27 ஆண்டுகள்

இந்த ஆய்வில் வரும் ஆசிரியை 1998ஆம் ஆண்டு, தம் 24ஆவது வயதில், தமிழ்நாட்டின் வட மாவட்டம் ஒன்றில் உள்ள ஊராட்சி ஒன்றியத் தொடக்கப் பள்ளியில் இடைநிலை ஆசிரியராகச் சேர்ந்தார். இன்றும் அவர் இடைநிலை ஆசிரியர்தான். பத்தாண்டு முடிந்ததும் தேர்வுநிலை ஊதியமும் இருபதாண்டு முடிந்ததும் சிறப்புநிலை ஊதியமும் முறைப்படி வந்து சேர்ந்தன. தொடக்கப் பள்ளித் தலைமை ஆசிரியராகப் பதவி உயர்வு வந்தபோது, நாற்பது கிலோமீட்டருக்கு அப்பால் இருந்த ஊரைப் பார்த்துவிட்டு வேண்டாமென்று எழுதிக் கொடுத்தார். பணிப் பதிவேட்டை மட்டும் புரட்டுகிறவருக்கு இதற்கு மேல் எதுவும் தெரியவராது. அந்தப் பதிவேட்டுக்கு வெளியே அவருடைய ஊக்கம் இரண்டு முறை உச்சத்துக்குப் போயிருக்கிறது. இரண்டு முறை ஏறக்குறைய அணைந்திருக்கிறது. எப்போது, எதனால் என்பதைத் தேடுவதே இந்தக் கட்டுரையின் வேலை.

2006 முதல் சில ஆண்டுகள், ஆசிரியர்களுக்குப் பணியிடைப் பயிற்சி தரும் அவருடைய வட்டார வள மையத்தில் நான் ஆசிரியர் பயிற்றுநராக இருந்தேன். பின்னர் பள்ளிப் பணிக்கு மாறிவிட்டாலும் அவர் வகுப்புக்குப் போவதையும் அவரோடு பேசுவதையும் விட்டுவிடவில்லை. ஆகவே இது வெளியிலிருந்து வந்து அளந்து பார்த்தவரின் அறிக்கை அன்று. இதில் சொல்லப்போகும் தவறுகளில் ஒன்றில் எனக்கும் பங்கு உண்டு. ஊர், பள்ளி, ஆட்களின் பெயர்களைத் தவிர்த்திருக்கிறேன்.

முதல் ஒன்பது ஆண்டுகள்

அவருடையது ஈராசிரியர் பள்ளி. அதன் பொருள் தெரிந்தவர்களுக்கு இந்தப் பகுதியை நீட்டிச் சொல்லத் தேவையில்லை. ஒரே கூடத்தில் ஐந்து வகுப்புகள். தலைமை ஆசிரியர் அலுவலகத்துக்குப் போகும் நாளில் ஐந்துக்கும் ஒருவரே. ஒரு வகுப்பை வாய்ப்பாடு சொல்லவிட்டு மற்றொரு வகுப்பைப் பார்த்துக் கையெழுத்து எழுதச் செய்து மூன்றாவது வகுப்புக்குப் பாடம் நடத்துவார். பயிற்சி நிறுவனத்தில் கற்ற பாடக்குறிப்பு முறைகள், ஒரே வகுப்பும் ஒரே வயதும் உள்ள நாற்பது குழந்தைகள் அமைதியாக அமர்ந்திருக்கும் ஓர் அறையை மனத்தில் வைத்து எழுதப்பட்டவை. அப்படி ஓர் அறையை அவர் பார்த்ததே இல்லை.

ஆசிரியர் பணிவாழ்வின் கட்டங்களைச் சுவிட்சர்லாந்தில் 160 ஆசிரியர்களிடம் ஆராய்ந்த மைக்கேல் ஹியூபர்மேன், முதல் மூன்றாண்டுகளைத் தாக்குப்பிடித்தலும் கண்டறிதலும் கலந்த காலம் என்றும், ஏழாம் ஆண்டிலிருந்து பதினெட்டாம் ஆண்டு வரையிலான நீண்ட பகுதியை ஒருவர் புதியன முயலவோ தாம் வந்த வழியையே ஐயுறவோ செய்யும் காலம் என்றும் பிரித்தார். நம் ஆசிரியை ஒன்பதாம் ஆண்டில் ஐயுறும் பக்கம் நின்றார். "நான் சொல்லிக்கொடுத்து வந்த பிள்ளை எது, தானாகப் படித்து வந்த பிள்ளை எது என்று எனக்கே தெரியவில்லை, சார்" என்று என் முதல் சந்திப்பில் அவர் சொன்னார். சலிப்பைப் பற்றி எத்தனையோ ஆசிரியர்கள் என்னிடம் பேசியிருக்கிறார்கள். தம் வேலையின் விளைவு தம் கண்ணுக்குப் படவில்லை என்று இவ்வளவு துல்லியமாகச் சொன்னவர் இவர் ஒருவரே.

செங்கல் சூளைக்குப் போன பையன்

செயல்வழிக் கற்றல் எங்கள் வட்டாரத்துக்கு வந்தது அப்போதுதான். அதன் வேர் ஆந்திரத்தின் ரிஷிவேலியில் இருக்கிறது. அங்குச் சுற்றுவட்டாரக் கிராமங்களின் ஓராசிரியர் பள்ளிகளுக்கென்று, பாடத்தைச் சிறு சிறு அட்டைகளாகப் பிரித்து ஏணிப்படிகளில் அடுக்கிய ஒரு முறையை உருவாக்கியிருந்தார்கள். கொத்தடிமை முறையிலிருந்து மீட்கப்பட்ட குழந்தைகளுக்கான பள்ளிகளில் வேலூர் மாவட்ட ஆட்சியராக இருந்தபோது இதை முயன்று பார்த்த எம்.பி. விஜயகுமார், சென்னை மாநகராட்சி ஆணையரானதும் 2003இல் 13 மாநகராட்சிப் பள்ளிகளில் தொடங்கி, பிறகு எல்லா மாநகராட்சிப் பள்ளிகளுக்கும் கொண்டுசென்றார். அவர் அனைவருக்கும் கல்வி இயக்கத்தின் மாநிலத் திட்ட இயக்குநரானபோது, ஒவ்வோர் ஒன்றியத்திலும் சில மாதிரிப் பள்ளிகள் என்ற படியைத் தாண்டி, 2007-08 கல்வியாண்டில் 37 ஆயிரத்துக்கும் மேற்பட்ட தொடக்கப் பள்ளிகளுக்கு அது விரிந்தது.

இங்கே கவனிக்க வேண்டிய வேறுபாடு ஒன்று உண்டு. சென்னையில் முதலில் இறங்கிய ஆசிரியர்கள் ரிஷிவேலிக்குச் சென்று பார்த்தவர்கள். திரும்பிவந்து தம் பாடத்துக்கான அட்டைகளை உட்கார்ந்து உருவாக்கியவர்கள். எங்கள் வட்டாரத்துக்கு அட்டைகள் அச்சாகிக் கட்டுக்கட்டாக லாரியில் வந்திறங்கின. முறை ஒன்றுதான்; ஆனால் அதனோடு ஆசிரியருக்கு இருந்த உறவு வேறு.

ஆயினும் முதல் ஆண்டில் அந்த வேறுபாடு உறைக்கவில்லை, ஏனெனில் ஈராசிரியர் பள்ளிக்கு அந்த முறை அவ்வளவு பொருந்தியது. பெஞ்சுகள் வெளியே போயின, பாய்கள் வந்தன. சுவரின் அடிப்பகுதியில் குழந்தைகளின் கைக்கெட்டும் உயரத்தில் கரும்பலகை அடித்தார்கள். தலைக்கு மேல் கம்பிப் பந்தலில் குழந்தைகள் வரைந்தவை தொங்கின. ஒவ்வொரு குழந்தையும் தன் படியை ஏணியில் பார்த்து, அதற்குரிய சின்னம் உள்ள தட்டிலிருந்து அட்டையை எடுத்துக்கொண்டு, தனக்குரிய குழுவில் போய் உட்கார்ந்தது. ஆசிரியையின் உதவி முழுதாகத் தேவைப்படுகிறவர்கள் மட்டும் அவரைச் சுற்றி அமர்ந்தார்கள். ஐந்து வகுப்புகளுக்கும் தொண்டை வறளக் கத்திய ஒருவர், முதன்முறையாக ஆறேழு குழந்தைகளுக்கு நடுவில் பாயில் உட்கார்ந்தார்.

அவர் மனம் மாறியது பயிற்சி வகுப்பில் அன்று. ஐந்து நாள் பயிற்சியின் முடிவில், "இதெல்லாம் எத்தனை நாளைக்கு?" என்று கேட்டவர்களில் அவரும் ஒருவர். மனம் மாறியது ஒரு பையனால். அவன் குடும்பம் ஆண்டுதோறும் தை பிறந்ததும் செங்கல் சூளைக்குப் போய்விட்டு மழைக்குமுன் திரும்பும். பழைய முறையில் அவன் திரும்பும்போது வகுப்பு எங்கோ போயிருக்கும். அவன் கடைசி வரிசையில் உட்கார்ந்து ஒரு வாரம் வேடிக்கை பார்ப்பான். பிறகு வருவதை நிறுத்திவிடுவான். அந்த ஆண்டு அவன் திரும்பிவந்த காலை, யாரும் சொல்லாமலேயே ஏணி அட்டை முன்னால் போய் நின்று, விரலால் கீழிருந்து எண்ணிக்கொண்டு போய், தான் விட்ட படியைக் கண்டுபிடித்துத் தட்டிலிருந்து அட்டையை எடுத்துக்கொண்டு உட்கார்ந்துவிட்டான். எழுதுவதற்கு எளிய ட, ப, ம போன்ற எழுத்துகளை முன்னால் வைத்துப் படம், மடம் என்று சொற்களுக்குப் போகும் வரிசை அது. மதியச் சாப்பாட்டு மணி அடித்த பிறகும் அவன் எழுந்திருக்கவில்லை என்றார் ஆசிரியை. இதை அவர் என்னிடம் மூன்று முறையாவது சொல்லியிருப்பார். ஒவ்வொரு முறையும் அந்த விரல் எண்ணிக்கொண்டு போனதைத் தம் விரலால் காற்றில் செய்து காட்டுவார்.

பயிற்சி முதலில் ஆசிரியரின் நம்பிக்கையை மாற்றும், நம்பிக்கை மாறினால் வகுப்பறை மாறும் என்பதுதான் பயிற்சி நடத்துகிற எங்களைப் போன்றோர் கொண்டிருந்த எண்ணம். அமெரிக்கக் கல்வியாளர் தாமஸ் கஸ்கி இந்த வரிசையைத் தலைகீழாக்கி 1986இல் எழுதினார்: முதலில் வகுப்பறையில் ஒரு செயல் மாறுகிறது, அதனால் குழந்தையிடம் ஒரு விளைவு தெரிகிறது, அதைக் கண்ட பிறகே ஆசிரியரின் நம்பிக்கை மாறுகிறது. அந்தக் காலை நடந்தது அட்சரம் பிசகாமல் இதுதான். அந்த ஐந்து நாள் பயிற்சியை நடத்தியவன் என்ற முறையில் இதை ஒப்புக்கொள்வதில் எனக்குச் சற்றுக் கூச்சம் இருக்கிறது.

மல்லாட்டை

அடுத்த இரண்டு ஆண்டுகள் அவருடைய பணிவாழ்வின் முதல் உச்சம். அச்சிட்ட அட்டைகள் போதாமல் அவர் தாமே அட்டைகள் செய்யத் தொடங்கினார். சட்டை வாங்கும் பெட்டி, கல்யாணப் பத்திரிகை, பழைய காலண்டர் என்று தெருவில் கிடைத்ததெல்லாம் அவர் கையில் அட்டையாயிற்று. எங்கள் பகுதியில் மானாவாரிப் பயிர் மணிலா, அதாவது வேர்க்கடலை. குழந்தைகள் வாயில் அது மல்லாட்டை. அந்த ஒரு சொல்லில் மெய்யும் உயிர்மெய்யும் குறிலும் நெடிலும் எப்படி அடுத்தடுத்து நிற்கின்றன என்று அவர் எனக்கு விளக்கியபோது, பட்டப்படிப்பில் நன்னூல் படித்த நான் வாயைத் திறக்கவில்லை. ஒரு பக்கம் மல்லாட்டைச் செடியை வேரோடு ஒட்டி, மறுபக்கம் சொல்லைப் பிரித்து எழுதிய அந்த அட்டையை எடுக்கக் குழந்தைகளிடையே போட்டியே நடந்தது.

பிறகு ஒரு பார்வை வந்தது. வந்தவர் மேல்நிலை அலுவலர். அவர் குழந்தைகளிடம் எதையும் படிக்கச் சொல்லவில்லை. ஏணி சரியான சுவரில் இருக்கிறதா, தட்டுகள் வரிசையில் இருக்கின்றனவா, குழந்தைகள் தம் தூய்மையைக் குறிக்கும் ஆரோக்கியச் சக்கரம் அன்றன்று நிரப்பப்பட்டிருக்கிறதா என்று பார்த்துக்கொண்டே வந்து, மல்லாட்டை அட்டையைக் கையில் எடுத்தார். "இந்த அட்டை ஏணியில் எத்தனையாவது படி?" என்று கேட்டார். எந்தப் படியும் இல்லை என்றார் ஆசிரியை. "ஏணியில் இல்லாதது தட்டில் ஏன் இருக்கிறது? பாடப்புத்தகத்தில் வேர்க்கடலை என்றுதானே இருக்கிறது?" பார்வைக் குறிப்பில், தரப்பட்ட அட்டைகளை மட்டுமே பயன்படுத்த வேண்டும் என்று எழுதிவிட்டுப் போனார். அவர் பின்னால் குறிப்பேட்டோடு நின்றவன் நான். ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம், சொல்லவில்லை.

அன்று மாலை அவர் தாம் செய்த அட்டைகளை எல்லாம் ஒரு பையில் போட்டுக் கட்டிப் பீரோவின் மேல்தட்டில் வைத்தார். அட்டை எடுத்துப் படிக்கும் முறை அதன் பிறகும் தொடர்ந்தது. புள்ளிவிவரப்படி அந்தப் பள்ளி செயல்வழிக் கற்றல் பள்ளியாகவே இருந்தது. குழந்தைகளின் அடைவிலும் உடனே எந்த வீழ்ச்சியும் இல்லை. நின்றுபோனது ஒன்றே ஒன்று: அவர் மாலையில் பள்ளியிலேயே இருந்து மறுநாளுக்கு ஏதாவது செய்துவைப்பது. ஊக்கம் குறைவதை அளக்க எந்தப் படிவத்திலும் கட்டம் இல்லை. நான் பார்த்தவரை, பேருந்துக்கு ஒருவர் எத்தனை மணிக்குப் போய் நிற்கிறார் என்பது ஓரளவு நம்பத்தக்க அளவுகோல். அவர் 4.40 பேருந்தைப் பிடிக்கத் தொடங்கினார்.

இதை ஒரு மனிதரின் கடுமை என்று சுருக்கிவிடக் கூடாது. அந்த அலுவலருக்கும் மேலிருந்து வந்த ஒரு சரிபார்ப்புப் படிவம் இருந்தது. பதின்மூன்று பள்ளிகளில் நடக்கும்போது ஒரு முறையின் உயிர் அதைச் செய்பவர்களிடம் இருக்கும். பல்லாயிரம் பள்ளிகளுக்குப் போகும்போது அது நடக்கிறதா என்று பார்க்க ஒரு படிவம் வேண்டியிருக்கிறது. படிவம் எண்ணக்கூடியதைத்தான் எண்ணும். பாய், தட்டு, ஏணி ஆகியவை எண்ணக்கூடியவை. விரிவாக்கமே கூடாது என்பது என் கருத்தன்று. ஈராசிரியர் பள்ளிக் குழந்தைகளுக்கு அந்த முறை கிடைத்ததே பெரிது. ஆனால் ஆசிரியர் சேர்ப்பதற்கென்று ஏணியில் நான்கு படிகளை வெற்றாக விட்டிருந்தால் என்ன கெட்டுப்போயிருக்கும் என்ற கேள்வி இன்றும் என்னைவிட்டுப் போகவில்லை.

பதிவேடுகளின் காலம்

2010 முதல் 2021 வரையிலான பதினோரு ஆண்டுகளை விரைந்து கடக்கலாம். அவரே அப்படித்தான் கடந்தார். சமச்சீர் கல்வி, முப்பருவ முறை, தொடர் மற்றும் முழுமையான மதிப்பீடு, எளிமைப்படுத்தப்பட்ட செயல்வழிக் கற்றல், 2018இல் தொடங்கிய புதிய பாடத்திட்டம் என ஒவ்வொன்றும் ஒரு பயிற்சியோடும் ஒரு பதிவேட்டோடும் வந்தன. பருவத்தின் ஊடே நடக்கும் வளரறி மதிப்பீட்டுக்கு 40, பருவ இறுதியில் நடக்கும் தொகுத்தறி மதிப்பீட்டுக்கு 60 என்ற கணக்கில் ஒவ்வொரு குழந்தைக்கும் நிரப்ப வேண்டிய கட்டங்கள் பெருகின. பின்னர் அவை எமிஸ் என்னும் கல்வித் தகவல் மேலாண்மை இணையதளத்துக்கு மாறியபோது, காலையில் கைப்பேசிக்குச் சிக்னல் கிடைக்கும் வேப்பமரத்தடிக்குப் போய் வருகையைப் பதிவேற்றுவது அன்றாட வேலைகளில் ஒன்றாயிற்று. தனியார் பள்ளி வேன் ஊருக்குள் வரத் தொடங்கியதும் மாணவர் எண்ணிக்கை அறுபதிலிருந்து இருபதுக்கும் கீழே இறங்கியது. சித்திரை, வைகாசி வெயிலில் வீடு வீடாகப் போய்ச் சேர்க்கைக்குக் கேட்டு நிற்கும்போது, பத்தாண்டுகளுக்கு முன் தம்மிடம் படித்த பெண்ணே தன் பிள்ளையை வேனில் ஏற்றிவிட்டு, "தப்பா நினைச்சுக்காதீங்க டீச்சர்" என்று சொன்னதுதான் அந்தப் பதினோரு ஆண்டுகளில் தம்மை மிகவும் அசைத்தது என்றார்.

பணம் இதில் எங்கே வருகிறது? ஆசிரியர் ஊக்கம் என்றதும் சம்பளத்தை முன்னே நிறுத்துகிறவர்களும், அர்ப்பணிப்பைப் பேசிச் சம்பளத்தை மறைக்கிறவர்களும் சம அளவில் இருக்கிறார்கள். இந்த நிகழ்வில் பணம் ஊக்கத்தை உண்டாக்கியதாக எனக்குத் தெரியவில்லை. ஆனால் நியாயக்கேடு ஊக்கத்தை அரித்ததைக் கண்ணால் பார்த்தேன். 2010இல் அப்பள்ளிக்கு வந்த இளைய ஆசிரியை, 2009 ஜூன் 1க்குப் பின் நியமனமானவர் என்பதால், அந்தத் தேதிக்கு முதல்நாள் வரை சேர்ந்தவருக்கு 8,370 ரூபாயாக இருந்த அடிப்படை ஊதியம் அவருக்கு 5,200 ரூபாயில் தொடங்கியது. ஒரே கல்வித் தகுதி, ஒரே பதவிப் பெயர். 3,170 ரூபாய் இடைவெளி ஒவ்வொரு ஊதிய உயர்வின்போதும் அகவிலைப்படியோடு சேர்ந்து விரிந்துகொண்டே போனது. மாதக் கடைசியில் ஊதியப் பட்டியலில் இருவரும் அருகருகே கையெழுத்திடும்போது மூத்தவர் தலையைத் திருப்பிக்கொள்வார். மேற்படிப்புப் படித்தால் கிடைத்துவந்த ஊக்க ஊதிய உயர்வும் 2020இல் நிறுத்தப்பட்டது. அஞ்சல் வழியில் எம்.ஏ. சேர்ந்திருந்த இளையவர் இரண்டாம் ஆண்டுக் கட்டணத்தைக் கட்டவில்லை.

நல்லாசிரியர் விருதுக்கு விண்ணப்பிக்குமாறு ஒருமுறை மூத்தவரைத் தூண்டினேன். தம்மைப் பற்றித் தாமே கோப்புத் தொகுத்து, புகைப்படம் ஒட்டி, வரிசையாக மேலே அனுப்ப வேண்டிய அந்த வேலைக்கு ஒரு மாதம் ஆகும் என்றார். "அதற்குள் நான்கு பிள்ளைகளுக்கு வாசிக்கச் சொல்லிக்கொடுத்துவிடலாமே சார்." பிறகு அதைப் பற்றி நான் பேசவில்லை.

பீரோவிலிருந்து

இரண்டாவது உச்சம் எதிர்பாராத இடத்திலிருந்து வந்தது. பெருந்தொற்றால் பள்ளிகள் மூடிக்கிடந்து மீண்டும் திறந்தபோது, இரண்டாம் வகுப்பில் உட்கார்ந்திருந்த குழந்தைகள் முதல் வகுப்பையே பார்த்திராதவர்கள். 2022 ஜூனில் அரசு எண்ணும் எழுத்தும் இயக்கத்தைத் தொடங்கியது. அரும்பு, மொட்டு, மலர் என்று வகுப்பைப் பாராமல் நிலையைப் பார்த்துக் குழந்தைகளைப் பிரிப்பது அதன் உயிர்நாடி. பயிற்சியில் அதைக் கேட்டதும், "இது நம்ம ஏணிதானே" என்று நம் ஆசிரியை சத்தமாகவே சொல்லிவிட்டார்.

அந்தச் சொல் அவரைப் பிற ஆசிரியர்களுக்குப் பயிற்சி தரும் கருத்தாளர் ஆக்கியது. அக்கம்பக்கப் பள்ளிகளின் ஆசிரியர்கள் கூடும் குறுவள மையக் கூட்டங்களில் அவர் பேச வேண்டியதாயிற்று. ஆனால் மேடையில் பேசியது அவரை மீட்டதாக நான் கருதவில்லை; மேடையில் அவர் மிகச் சாதாரணமான பேச்சாளர். கூட்டம் முடிந்து தேநீர் நேரத்தில் பத்துப் பன்னிரண்டு இளைய ஆசிரியர்கள் அவரைச் சூழ்ந்துகொண்டு, "டீச்சர், அரும்புக் குழந்தைக்குத் துணையெழுத்து ஏறவே மாட்டேங்குது, என்ன செய்வது?" என்பதுபோல் கேட்டார்கள். இருபத்து நான்கு ஆண்டுப் பணியில் தம்மிடம் ஒருவரும் தொழில் கேட்டதில்லை என்று அவர் உணர்ந்தது அந்தத் தேநீர் நேரங்களில்தான். மறுவாரம் பீரோவின் மேல்தட்டிலிருந்து அந்தப் பை இறங்கியது. மல்லாட்டைச் செடி பொடிப்பொடியாக உதிர்ந்திருந்தது. எழுத்து மட்டும் இருந்தது. குழந்தைகளை வயலுக்கு அனுப்பிப் புதுச் செடி கொண்டுவரச் செய்து ஒட்டினார். இம்முறை யாரும் எந்தப் படி என்று கேட்கவில்லை.

இங்கிருந்து ஒரு முடிவுக்கு வரலாம் என்று நினைக்கிறேன். இரண்டு உச்சங்களுக்கும் பொதுவாக இருந்தவை மூன்று. குழந்தை ஒரு படி ஏறியதை அன்றே பார்க்க முடிந்தது. அந்தப் படியில் தாம் செய்த ஏதோ ஒன்று இருந்தது. அதைப் பேசுவதற்கு அதே வேலை தெரிந்த ஓர் ஆள் இருந்தார். இவற்றுள் மூன்றாவதை நாம் மிகக் குறைவாக மதிப்பிடுகிறோம். ஈராசிரியர் பள்ளியில் ஒருவர் நோயில் படுத்தால் மற்றவர் தனியர். இருவரும் நன்றாக இருக்கும் நாளிலும் ஆளுக்கொரு மூலையில் வகுப்பு நடத்துகிறவர்கள், ஒருவர் பாடத்தை மற்றவர் கேட்டதே இல்லை. குறுவள மையக் கூட்டம் அதற்காக ஏற்பட்டதுதான், ஆனால் மேலிருந்து வந்த காணொலியைப் போட்டுக் காட்டி வருகைத்தாளில் கையெழுத்து வாங்குவதிலேயே அதன் பெரும்பொழுது கழிகிறது. அதில் பயனுள்ள பகுதி தேநீர் இடைவேளை என்று ஒரு பயிற்றுநர் எழுதுவது முறையா என்று தெரியவில்லை. இந்த நிகழ்வில் அதுதான் உண்மை.

2025 செப்டம்பர்

2025 செப்டம்பர் 1 அன்று உச்ச நீதிமன்றம் வழங்கிய தீர்ப்பின்படி, கல்வி உரிமைச் சட்டத்துக்கு முன்னரே பணியில் சேர்ந்தவர்களும், ஓய்வு பெற ஐந்தாண்டுகளுக்கு மேல் இருந்தால், இரண்டு ஆண்டுகளுக்குள் ஆசிரியர் தகுதித் தேர்வில் தேர்ச்சி பெற்றாக வேண்டும். ஐந்தாண்டுகளுக்கும் குறைவாக இருப்போர் பணியில் தொடரலாம், ஆனால் தேர்ச்சி பெறாமல் பதவி உயர்வு கிடையாது. நம் ஆசிரியைக்கு அப்போது வயது 51. ஓய்வு வயது 60. 27 ஆண்டுகள் முதல் வகுப்புக்குத் தமிழ் எழுத்து கற்பித்தவர், 150 கேள்விகள் கொண்ட தாளில் தாம் ஆசிரியர் என்பதை மெய்ப்பிக்க வேண்டும்.

குழந்தைகளுக்குத் தகுதியான ஆசிரியர் வேண்டும் என்ற நோக்கத்தோடு யாருக்கும் சண்டை இல்லை. அந்த நோக்கத்தை அடைய இந்தத் தாள் உதவுமா என்பதில்தான் எனக்கு ஐயம், அதுவும் மல்லாட்டை அட்டையைப் பார்த்த பிறகு. ஆனால் என் ஐயத்தை விட அவர் அதை எப்படி எதிர்கொண்டார் என்பதே இந்த ஆய்வுக்கு முக்கியம். முதல் வாரம் அவர் யாரிடமும் பேசவில்லை. இரண்டாம் வாரம் விருப்ப ஓய்வுக்குக் கணக்குப் போட்டுப் பார்த்தார். பழைய ஓய்வூதியத் திட்டத்தில் இருப்பவர் என்பதால் அது நடக்கக்கூடிய ஒன்றே. மூன்றாம் வாரம் இளைய ஆசிரியை, 2012இல் முதன்முதலாக நடந்த தகுதித் தேர்வுக்கு வாங்கி, ஒருமுறை எழுதித் தோற்று, வைத்திருந்த வழிகாட்டி நூலைக் கொண்டுவந்து மேசைமேல் வைத்தார். 2010இன் இறுதியில் நியமனம் பெற்றவர். இப்போது அவருக்கும் இது வேண்டியிருக்கிறது.

சென்ற மாதம் ஒரு சனிக்கிழமை அங்குப் போயிருந்தேன். பள்ளித் திண்ணையில் இருவரும் உட்கார்ந்திருந்தார்கள். கணக்கை இளையவர் சொல்லிக்கொடுக்கிறார். குழந்தை வளர்ச்சியும் உளவியலும் மூத்தவர் பொறுப்பு. குழந்தையின் அறிவு வளர்ச்சி பற்றி உளவியலாளர் பியாஜே வகுத்த கட்டங்களை அவர் தம் வகுப்புக் குழந்தைகளின் பெயர்களைச் சொல்லியே விளக்கிக்கொண்டிருந்தார். பக்கத்தில் ஒரு சட்டைப் பெட்டி சதுரம் சதுரமாக வெட்டப்பட்டுக் கிடந்தது. ஒரு பக்கம் கேள்வி, மறுபக்கம் விடை; மூலையில் சின்னம்: எளியதற்கு முயல், நடுத்தரத்துக்கு மான், கடினத்துக்கு யானை. யானைக் கட்டு இன்னும் மெலிவாகத்தான் இருந்தது. எனக்கும் ஒரு கத்தரிக்கோலைக் கொடுத்து உட்காரச் சொன்னார்கள்.